நிறமாலை எடுக்க எதை வாங்குவது: கீற்றணியா, பிளவுக் கருவியா, ஒன்றுமே வேண்டாமா?

“ஆறு அங்குலத் தொலைநோக்கி இருக்கிறது. சனியின் வளையம், வியாழனின் நிலவுகள், ஓரியன் நெபுலா எல்லாம் பார்த்தாயிற்று. அடுத்து விண்மீன்களின் நிறமாலை எடுக்கலாம் என்றிருக்கிறேன். எந்தக் கருவி நல்லது?”

வான்நோக்கு முகாம்களில் தொலைநோக்கியைச் சுற்றி நிற்கும் கூட்டம் கலைந்த பிறகு, யாராவது ஒருவர் தயங்கித் தயங்கி வந்து இதைக் கேட்பார். நான் உடனே பதில் சொல்வதில்லை. எந்த விண்மீனில் எதைப் பார்க்க ஆசை என்று திருப்பிக் கேட்பேன். பெரும்பாலும் அதற்குப் பதில் இருக்காது. பதில் இல்லாமல் வாங்கிய கருவிகள் இரண்டு என் அலமாரியிலேயே தூங்குகின்றன என்பதால்தான் இந்தக் கட்டுரை.

நிறமாலை என்பது விண்மீனின் ஒளியை வானவில்லாகப் பிரித்த பட்டை; அதில் குறுக்கே விழும் கறுப்பு அல்லது ஒளிரும் கோடுகள்தான் வரிகள். ஒளியை அப்படிப் பிரிக்கும், நெருக்கமான கோடுகள் கொண்ட தகடு கீற்றணி. ஓர் ஆர்வலருக்கு இன்று நான்கு வழிகள் இருக்கின்றன. சாதாரணக் கேமரா லென்ஸின் முன் கீற்றணித் தாளை ஒட்டுவது முதல் வழி. தொலைநோக்கியின் கேமராவில் வடிகட்டியைப் போலத் திருகும் கீற்றணி இரண்டாவது. பிளவு வைத்த முழுமையான நிறமாலைப் பதிவி மூன்றாவது. எதையும் வாங்காமல், பெரிய ஆய்வகங்கள் எடுத்துப் பொதுவில் வைத்திருக்கும் நிறமாலைகளை இறக்கிப் படிப்பது நான்காவது. இவற்றை எடை போடும் முன் எடைக்கற்களைச் சரிபார்த்துக்கொள்வோம்.

## எதை வைத்து எடை போடுவது

என் கணக்கில் முதல் அளவுகோல் கேள்வியின் வேகம். விளக்குகிறேன்.

நிறமாலையில் ஒரு வரி இடம் பெயர்ந்தோ அகன்றோ தெரிந்தால், அங்கே ஏதோ வேகமாக நகர்கிறது என்று பெரும்பாலும் பொருள். எவ்வளவு சிறிய நகர்வு வரை கருவியால் காட்ட முடியும் என்பதைப் பிரிதிறன் என்ற எண் சொல்கிறது. 600 நானோமீட்டர் அலைநீளத்தில், 3 நானோமீட்டர் இடைவெளியுள்ள இரண்டு வரிகளை ஒரு கருவி தனித்தனியாகக் காட்டினால் அதன் பிரிதிறன் 200. ஒளியின் வேகமான நொடிக்கு 3,00,000 கி.மீ.யை இந்த 200-ஆல் வகுத்துப் பாருங்கள்: 1,500 கி.மீ. வருகிறது. அதைவிட மெதுவாக நடப்பதெல்லாம் இந்தக் கருவியின் கண்ணில் ஏறக்குறைய அசைவற்றதுதான். வரியின் நடுப்புள்ளியை மட்டும் இதைவிட நுணுக்கமாக அளக்க முடியும். ஆனாலும் வாங்கும்போது போடும் கணக்குக்கு இந்த வகுத்தலே போதும்.

இப்போது வானத்தில் எது எவ்வளவு வேகம் என்று பார்க்கலாம். ஒன்று-ஏ வகை சூப்பர்நோவா எனப்படும் விண்மீன் வெடிப்பில் 635.5 நானோமீட்டரில் இருக்க வேண்டிய சிலிக்கான் வரி 615 வாக்கில் வந்து நிற்கும். அது நொடிக்குச் சுமார் 10,000 கி.மீ. மேலடுக்கை வாயுக் காற்றாக வீசியெறியும் வெப்பமான உல்ஃப்-ராயே விண்மீன்களிலிருந்து அடிக்கும் காற்று நொடிக்கு ஆயிரம் கி.மீ.யைத் தாண்டும்; நம்மை நோக்கியும் விலகியும் அடிப்பதால் வரி அதைப் போல இரு மடங்கு அகலும். தன்னைச் சுற்றி வாயுத் தட்டு ஒன்றைச் சுழலவிட்டிருக்கும் பி-இ வகை விண்மீன்களில் பேச்சே சில நூறு கி.மீ. அளவில்தான். சித்திரை நட்சத்திரம் எனப்படும் ஸ்பைக்கா நான்கு நாளுக்கு ஒருமுறை தன் துணையோடு சுற்றிவரும் இரட்டை; அங்கே நூற்றுச் சொச்சம் கி.மீ. பெகாசஸ் மண்டலத்தின் 51-ஆம் விண்மீனைச் சுற்றும் கோளை 1995-இல் மேயரும் கெலோவும் கண்டுபிடித்தது நொடிக்கு 56 மீட்டர் ஆட்டத்தை அளந்து. கிலோமீட்டர் அல்ல, மீட்டர். இந்தப் பட்டியலில் உங்கள் ஆசை எந்தப் படியில் நிற்கிறதோ, அதுவே கருவியையும் தீர்மானிக்கிறது.

வேகம் கேட்காத கேள்விகளும் உண்டு. திருவாதிரை ஏன் சிவப்பு, சிரியஸ் ஏன் வெள்ளை, இரண்டின் வெப்பநிலை எவ்வளவு வேறுபடுகிறது என்பதெல்லாம் வரிகளின் இடத்தைவிட எந்த வரிகள் இருக்கின்றன என்பதைப் பொறுத்தவை. அதற்குப் பிரிதிறன் 100 இருந்தாலே தாராளம்.

மற்ற அளவுகோல்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். உங்கள் மொட்டைமாடியில் எவ்வளவு விளக்கொளி? தொலைநோக்கியின் தாங்கி வானத்தின் சுழற்சியைத் தொடர்கிறதா, கையால் தள்ளுவதா? வருடத்தில் எந்த மாதங்களில் உங்கள் வானம் தெளிவு? எடுத்த தரவை உங்களைத் தவிர வேறு யாருக்காவது பயன்படுத்தும் எண்ணம் உண்டா? பணத்தை நான் கடைசியில் வைக்கிறேன். விலைப்பட்டியலில் இருக்கும் தொகை இந்தத் துறையில் முன்பணம் மாதிரிதான்.

## வழி 1: கேமரா லென்ஸின் முன் கீற்றணித் தாள்

பள்ளி ஆய்வகப் பொருள்கள் விற்கும் கடைகளில் மில்லிமீட்டருக்கு 500 கோடுகள் கொண்ட ஒளிபுகு கீற்றணித் தாள் சில நூறு ரூபாய்க்குக் கிடைக்கும். அதை அட்டை வளையத்தில் பொருத்தி 50 மி.மீ. லென்ஸின் முன் மாட்டி, கேமராவை முக்காலியில் வைத்தால் கருவி தயார். தொலைநோக்கியே வேண்டாம். ஒரு சங்கடம்: 500 கோடு கீற்றணி ஒளியைச் சுமார் 16 பாகை திருப்பிவிடும். விண்மீனை நோக்கிக் கேமராவை நீட்டினால் நிறமாலை சட்டகத்துக்கு வெளியே போய்விடும். பக்கவாட்டில் குறி வைக்கப் பழக வேண்டும்.

இந்த வழியில் ஒரு பழைய தந்திரம் இருக்கிறது. எனக்கு இன்றும் சலிக்காதது. நிறமாலை வடக்கு தெற்காக விழும்படி கீற்றணியைத் திருப்பி வைத்துவிட்டு, கேமராவை அசைக்காமல் 30 நொடி திறந்து வைக்க வேண்டும். பூமி சுழல்வதால் விண்மீன் மேற்கே நகரும். நூல் போலிருந்த நிறமாலை, 25 பிக்சலுக்கு மேல் அகலமுள்ள ரிப்பன் ஆகிவிடும். சிரியஸில் இப்படி எடுத்தால், நீலப் பகுதியில் ஹைட்ரஜனின் கறுப்பு வரிகள் சீப்பின் பற்களைப் போல ஒன்றுக்கொன்று நெருங்கிக்கொண்டே போவது கேமராவின் திரையிலேயே தெரியும். மென்பொருள் எதுவும் தேவையில்லை.

மறைமுகச் செலவு கேமராவில் இருக்கிறது. கடையில் வாங்கிய டிஎஸ்எல்ஆர் கேமராவின் உள் வடிகட்டி 656.3 நானோமீட்டரில் வரும் ஹைட்ரஜன் ஆல்ஃபா ஒளியின் பெரும்பகுதியைத் தடுத்துவிடும். வானியலாளர்கள் அதிகம் பார்க்கும் வரி அதுதான். வடிகட்டியை நீக்கித் தரச் சொன்னால் அதற்குத் தனிச் செலவு. கேமராவின் உத்தரவாதமும் போய்விடும்.

பிரகாசமான இருபது முப்பது விண்மீன்களோடு இந்த வழி முடிந்துவிடும். ஆனால் எட்டாம் வகுப்பு மாணவர்களுக்கு ரோகிணியையும் சிரியஸையும் அருகருகே காட்ட இதைவிட நல்ல கருவி எனக்குத் தெரியாது. பழைய குறுந்தகட்டை உடைத்துச் செய்யும் நிறமாலைமானி பற்றியும் கேட்பார்கள். குறுந்தகட்டில் மில்லிமீட்டருக்கு 625 தடங்கள் உண்டு. தெருவிளக்குக்கும் பகல் வெளிச்சத்துக்கும் அழகாக வேலை செய்யும். விண்மீனுக்கு வேண்டாம்.

## வழி 2: தொலைநோக்கியில் திருகும் கீற்றணி

இங்கிலாந்தின் பேட்டன் ஹாக்ஸ்லி நிறுவனத்தின் ஸ்டார் அனலைசர் 100 என்பதுதான் இதில் பரவலாகப் புழங்குவது. மில்லிமீட்டருக்கு 100 கோடுகள். ஒன்றே கால் அங்குல வடிகட்டிச் சட்டத்தில் வரும். கேமராவின் மூக்குக்குழாயில் திருகிவிட்டால் சட்டகத்தில் விண்மீனின் புள்ளியும், பக்கத்தில் அதன் நிறமாலையும் சேர்ந்து விழும். விலை சுமார் 200 டாலர். அதோடு சுங்க வரியும் அனுப்பும் கட்டணமும்.

வாங்கும் முன் ஒரு தாளில் கணக்கு போடுங்கள். கீற்றணிக்கும் உணரிக்கும் 50 மி.மீ. தூரம், கேமராவின் பிக்சல் 3.75 மைக்ரான் என்று கொள்வோம். ஒரு பிக்சலுக்கு 0.75 நானோமீட்டர் வரும். விண்மீனின் புள்ளியிலிருந்து சிவப்பு விளிம்பு வரை 930 பிக்சல் சொச்சம். சிறிய கோள் கேமராவிலும் அடங்கிவிடும். இனிப் பிரிதிறன். பிளவு இல்லாததால் விண்மீனின் பிம்பமே பிளவு. காற்று அலைபாயும் சாதாரண இரவில் பிம்பம் 4 விகலை (ஒரு பாகையில் 3,600-இல் ஒரு பங்கு ஒரு விகலை) விரியும். 750 மி.மீ. குவியத் தூரத்தில் அது ஏறக்குறைய 4 பிக்சல், அதாவது 3 நானோமீட்டர். பிரிதிறன் 200. இது தாளில் வருவது. குவியும் ஒளிக்கற்றையில் கீற்றணி நிற்பதால் வரும் குறைகளையும் சேர்த்தால் கையில் கிடைப்பது 100 முதல் 150.

அவ்வளவுதானா என்று தோன்றும். ஆனால் மேலே சொன்ன வேகப் பட்டியலில் முதல் இரண்டு படிகளும் இதற்குள் வந்துவிடுகின்றன. எம் 82 விண்மீன் திரளில் 2014-இல் வெடித்த சூப்பர்நோவா பத்தரைப் பருமன் (பிரகாசத்தின் அளவு; எண் கூடக்கூட மங்கல்) அளவுக்குப் பிரகாசித்தபோது, இத்தகைய சிறு கீற்றணியோடு ஆர்வலர்கள் அதன் சிலிக்கான் பள்ளத்தைப் பதிவு செய்தார்கள். 2021 ஆகஸ்டில் ஆர்.எஸ். ஒபியூக்கி என்ற நோவா மீண்டும் வெடித்து வெறுங்கண்ணுக்கே தெரிந்தபோது, அதன் ஹைட்ரஜன் வரிகள் மேடு மேடாக எழுந்து நின்றதைக் காட்டவும் இதுவே போதுமானதாக இருந்தது.

வெகு தொலைவிலுள்ள விண்மீன் திரளின் ஒளிரும் மையமான 3சி 273 குவாசரையும் பலர் இதில் பிடித்திருக்கிறார்கள். ஏறக்குறைய 13-ஆம் பருமன். வரிகள் சிவப்புப் பக்கம் நகர்ந்த அளவான சிவப்புப் பெயர்ச்சி 0.158. அந்த வரிகள் எதனுடையவை என்று 1963-இல் வானியலாளர் மார்ட்டன் ஷ்மிட் அவிழ்த்த புதிரை உங்கள் மாடியில் மீண்டும் அவிழ்க்கலாம். ஒரு பொறி இருக்கிறது, எச்சரிக்கிறேன். பெயர்ந்த ஹைட்ரஜன் ஆல்ஃபா வரி சரியாக 760 நானோமீட்டரில் வந்து விழும். பூமியின் காற்றிலுள்ள ஆக்சிஜன் ஒளியை விழுங்கும் இடமும் அதுதான். எனவே 563 வாக்கில் நிற்கும் ஹைட்ரஜன் பீட்டாவை நம்புங்கள்.

அந்த 760-ஐ நான் சுலபத்தில் மறக்க மாட்டேன். கீற்றணி வாங்கிய முதல் வாரம், திருவாதிரையின் நிறமாலையில் அங்கே ஆழமான பள்ளம் ஒன்றைப் பார்த்துவிட்டு, டைட்டானியம் ஆக்சைடு என்று குறிப்பேட்டில் எழுதி அடிக்கோடும் இட்டேன். மறுநாள் சிரியஸை எடுத்தேன். அதே பள்ளம். பத்தாயிரம் டிகிரி வெப்பத்தில் எந்த மூலக்கூறு தங்கும்? மகத்திலும் அதே பள்ளம், அகத்தியர் நட்சத்திரமான கனோபஸிலும் அதே. நான் கண்டுபிடித்தது என் மூக்கில் ஏறி இறங்கிக்கொண்டிருந்த காற்றை.

நம் ஊருக்கென்று இரண்டு சொல்ல வேண்டும். வெளிநாட்டுக் கையேடுகள் எல்லாம் “வீகாவில் தொடங்கு” என்கின்றன. வீகா நமக்கு முன்னிரவில் உச்சிக்கு வரும் மாதங்கள் மழை மேகத்தின் மாதங்கள். ஜனவரியிலிருந்து ஏப்ரல் வரை வானம் திறந்திருக்கும்போது சிரியஸ் தலைக்கு மேல் நிற்கிறது. அதே வெள்ளை வகை, அதே ஹைட்ரஜன் வரிகள், அதைவிடப் பிரகாசம். அளவுத்திருத்தத்துக்கு அதை எடுத்துக்கொள்ளுங்கள். இரண்டாவது, காமா வெலோரம். பிப்ரவரி, மார்ச் முன்னிரவுகளில் தெற்கே, சென்னையிலிருந்து 30 பாகை உயரத்துக்கு எழுகிறது. வெறுங்கண்ணுக்குத் தெரியும் உல்ஃப்-ராயே விண்மீன்களில் மிகப் பிரகாசமானது. லண்டன்காரர் வீட்டில் இருந்தபடி இதைப் பார்க்கவே முடியாது. பிற விண்மீன்களின் நிறமாலை கறுப்பு வரிகள் விழுந்த பட்டையாக இருக்க, இதில் 465, 570, 580 நானோமீட்டர்களில் கார்பன் வரிகள் விளக்கு ஏற்றிய மாதிரி நிற்கும். இந்தக் கீற்றணிக்குக் கொடுத்த காசு அந்த ஒரு படத்திலேயே கழிந்துவிடும் என்பது என் கட்சி.

மறைமுகச் செலவுகளுக்கு வருகிறேன். உங்களுடையது சாதாரண இரட்டை லென்ஸ் ஒளிவிலகல் தொலைநோக்கி என்றால், சிவப்பைக் குவித்தால் நீலம் மீன்வாலாக விரியும். நியூட்டன் வகைக் கண்ணாடித் தொலைநோக்கியில் இந்தத் தொல்லை இல்லை. வண்ணக் கேமராவில் நிறமாலையின் வளைகோடு மூன்று திமிலோடு வரும். அவை கேமராவின் வடிகட்டிகள் போட்ட திமில்கள், விண்மீனுடையவை அல்ல. கருப்பு வெள்ளைக் கேமரா வேண்டும். அது கீற்றணியைவிட விலை அதிகம். கூட்டமான பால்வழிப் பகுதிகளில் பக்கத்து விண்மீன்களின் புள்ளிகள் உங்கள் நிறமாலை மேல் வந்து உட்காரும். கேமராவைத் திருப்பித் திருப்பிப் பார்க்க வேண்டியதுதான். நகரத்தில் முழு வானத்தின் விளக்கொளியும் நிறமாலைக்கு அடியில் விரிப்பாகப் பரவிக் கிடக்கும். மென்பொருளுக்குச் செலவு வேண்டாம். பாஸ் ப்ராஜெக்ட், விஸ்பெக் இரண்டும் இலவசம். ஆர்ஸ்பெக் கட்டணத்துக்குரியது, ஆனால் கற்றுக்கொள்ள எளிது.

தொடர் தாங்கி இல்லாத, கையால் தள்ளும் டாப்சோனியன் தொலைநோக்கி வைத்திருப்பவர்களும் சோர வேண்டாம். பிரகாசமான விண்மீன்களைச் சிறு காணொளியாகப் பிடித்து, நல்ல சட்டகங்களைப் பொறுக்கி அடுக்கினால் வேலை நடக்கும்.

## வழி 3: பிளவு வைத்த நிறமாலைப் பதிவி

விண்மீனின் ஒளியைச் சில பத்து மைக்ரான் அகலப் பிளவுக்குள் செலுத்தி, இணைக்கற்றையாக்கி, கீற்றணியில் பிரித்து, மறுபடி குவித்துக் கேமராவில் விழச் செய்யும் கருவி. பிரான்சின் ஷெல்யாக் நிறுவனத்தின் ஆல்பி 600 பெயருக்கேற்பப் பிரிதிறன் 600 தருகிறது. அதே நிறுவனத்தின் லைர்ஸ் 3, மில்லிமீட்டருக்கு 2,400 கோடு கீற்றணியோடு பத்தாயிரத்தைத் தாண்டும். கிறிஸ்டியன் புயில் வடிவமைத்துப் பொதுவில் வைத்த ஸ்டார்எக்ஸ் மூன்றாவது. அதன் உடலை முப்பரிமாண அச்சில் நீங்களே எடுத்து, ஒளியியல் பாகங்களை மட்டும் வாங்கிப் பொருத்தலாம்.

இங்கே கேள்வியின் வேகம் நொடிக்கு 30 கி.மீ. வரை இறங்குகிறது. ஸ்பைக்காவின் வரிகள் நாளுக்கு நாள் முன்னும் பின்னும் போய்வருவதைப் பார்க்கலாம். 1866-இல் ரோமில் ஆஞ்சலோ செக்கி காமா காசியோபியாவில் கண்ட ஒளிரும் ஹைட்ரஜன் வரியை எடுத்து, அது இரட்டைக் கொம்பாகப் பிளந்திருக்கிறதா, எந்தக் கொம்பு உயரம் என்று அளக்கலாம். விலை கொடுப்பது இதற்காகத்தான். இன்னொரு நன்மை அதிகம் பேசப்படுவதில்லை: பிளவு தனக்கு நேரே உள்ள கீற்று வானத்தை மட்டுமே உள்ளே விடும். மங்கலான பொருள்களுக்கு, நகரத்து மாடியில் பிளவுக் கருவி கீற்றணியைவிடப் பல மடங்கு மேல்.

இனி கசப்பு மருந்து. விலைப்பட்டியலில் அடிப்படைப் பாகத்தின் விலையை மட்டும் பார்த்து ஏமாறுபவர்கள் அதிகம். விண்மீன் பிளவின் மேல்தான் நிற்கிறதா என்று பார்க்க இரண்டாவது கேமரா வேண்டும். அலைநீளத்தைக் குறிக்க நியான் அல்லது ஆர்கான் விளக்கு வேண்டும். மூன்றையும் சேர்த்தால் தொழிற்சாலைக் கருவி ஆயிரக்கணக்கான யூரோவில் போய் நிற்கும். அதற்கு மேல் தாங்கி. ஒரு மணி நேரம் விண்மீனைத் தலைமுடியின் பருமனைவிடக் குறுகலான பிளவில் நிறுத்தி வைக்க, கோள்களைப் பார்க்கப் போதுமான தாங்கி போதாது. கருவியும் இரண்டு கேமராக்களும் தொங்கும் எடையில் பழைய தாங்கி முனகத் தொடங்கும்.

தொலைநோக்கி நீளமாக இருந்தால் நல்லது என்று நினைப்பதும் இங்கே தவறிவிடும். எட்டு அங்குல ஷ்மிட்-காசக்ரெயின் வகைத் தொலைநோக்கியின் 2,000 மி.மீ. குவியத் தூரத்தில் அதே 4 விகலை பிம்பம் 39 மைக்ரான் விரியும். 23 மைக்ரான் பிளவில் பாதி ஒளிதான் உள்ளே போகும். மீதிப் பாதி பிளவின் உதட்டில் பட்டு வீணாகும். குவியத் தூரத்தைக் குறைக்கும் லென்ஸ் ஒன்றையும் பட்டியலில் சேர்த்துக்கொள்ளுங்கள்.

ஸ்டார்எக்ஸ் அச்சிட எண்ணினால், கடைக்காரர் வழக்கமாகப் போடும் பிஎல்ஏ இழை வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். 60 டிகிரி வாக்கில் அது இளகும். மே மாதத்தில், நிறுத்தி வைத்த காருக்குள் அந்த வெப்பம் வரும். நண்பர் ஒருவரின் பதிவி அப்படித்தான் வேலூரிலிருந்து ஏலகிரி போய்ச் சேர்வதற்குள் இடுப்பு ஒடிந்தது. மாதிரி பார்க்க நாங்கள் கொண்டுபோன நியான் விளக்கின் வரிகள் வில்லாக வளைந்து நின்றன. அவர் சிரித்துவிட்டார், நானாக இருந்தால் அழுதிருப்பேன். பிஇடிஜி அல்லது ஏபிஎஸ் இழையில் அச்சிடுங்கள்.

நேரமும் ஒரு செலவுதான். கருவியைச் சரிசெய்யவே முதல் ஐந்தாறு இரவுகள் போகும். ஒவ்வொரு படத்துக்கும் இருள் படம், சமப் படம், விளக்குப் படம், அருகிலுள்ள வெள்ளை விண்மீனின் ஒப்பீட்டுப் படம் என்று ஒரு பரிவாரமே எடுக்க வேண்டும். பத்தாயிரம் பிரிதிறனில் கிடைப்பதும் முழு வானவில் அல்ல. ஹைட்ரஜன் ஆல்ஃபாவைச் சுற்றிய சிறு துண்டு மட்டுமே. கடலோர ஊர்க்காரர்களுக்கு இன்னொன்று: அந்தத் துண்டுக்குள் காற்றின் ஈரப்பதம் மெல்லிய வரிகளாகக் குறுக்கிடும். சென்னையில் அவை தாராளம்.

இத்தனைக்கும் ஈடாக ஒன்று கிடைக்கிறது: உங்கள் தரவை அடுத்தவர் பயன்படுத்துவார். பாரிஸ் வானாய்வகம் நடத்தும் பெஸ் தரவுத்தளத்தில் பி-இ விண்மீன்களின் நிறமாலைகள் குவிந்திருக்கின்றன. அதில் ஆர்வலர்கள் எடுத்தவையும் தொழில்முறை ஆய்வாளர்கள் எடுத்தவையும் ஒரே பந்தியில் உட்கார்ந்திருக்கின்றன. பெரிய தொலைநோக்கியில் ஓர் ஆய்வாளருக்கு வருடத்தில் சில இரவுகள்தான் கிடைக்கும். ஒரே விண்மீனை வாரம் தவறாமல் பார்க்க அவரால் இயலாது. உங்களால் இயலும்.

## வழி 4: எதுவும் வாங்காமல்

இதை ஏழைக்கு ஏற்ற எள்ளுருண்டை என்று யாரும் நினைக்க வேண்டாம். ஸ்லோன் வான அளவீடு 2000 முதல் திரட்டிவரும் நிறமாலைகள் பல லட்சம், உலாவியிலேயே திறந்து பார்க்கலாம். சீனாவின் லேமோஸ்ட் தொலைநோக்கி 4,000 ஒளியிழைகளால் ஒரே நேரத்தில் பிடித்துத் திரட்டியவை ஒரு கோடியைத் தாண்டும். இரண்டிலும் பிரிதிறன் 1,800 வாக்கில். 2022 ஜூனில் வெளியான கையா விண்கலத்தின் மூன்றாம் தரவுத் தொகுப்பில் 22 கோடி விண்மீன்களின் நிறமாலைகள் உள்ளன. அவை மிகக் கரடுமுரடானவை, ஸ்டார் அனலைசரைவிடவும் குறைவு. மறுமுனையில், 51 பெகாசியின் கோளைப் பிடித்த அதே எலோடி பதிவியின் காப்பகமும் திறந்தே இருக்கிறது. பிரிதிறன் 42,000. அந்த 56 மீட்டர் ஆட்டம் எந்தத் தரவிலிருந்து பிறந்தது என்று நீங்களே பார்க்கலாம். கட்டணம் எதுவுமில்லை.

மேகம் மூடிய அக்டோபர், நவம்பர் முழுவதையும் நான் இதில்தான் கழிக்கிறேன். எரிந்து முடிந்த விண்மீனின் சுருங்கிய மிச்சமான வெள்ளைக் குள்ளனின் ஹைட்ரஜன் வரி ஏன் அவ்வளவு அகலம் என்று முதன்முதலில் எனக்கு உறைத்தது ஸ்லோன் படத்தைச் சிரியஸ் படத்தின் மேல் வைத்துப் பார்த்தபோது. சிரியஸில் சிறு பள்ளமாக இருந்தது அங்கே அகண்ட அகழியாகக் கிடந்தது. அந்தச் சிறு உடலின் மேற்பரப்பில் ஈர்ப்பும் அழுத்தமும் அவ்வளவு கடுமை. எந்த ஆறு அங்குலத் தொலைநோக்கியாலும் எனக்கு அதைக் காட்டியிருக்க முடியாது.

குறை என்ன? ஸ்லோன் போன்ற பெரும் அளவீடுகள் கண்ணுக்குத் தெரியும் விண்மீன்களைத் தொடுவதில்லை. உணரி நிறைந்து வழிந்துவிடும். திருவாதிரையைத் தேடி ஸ்லோனில் நுழைந்தால் வெறுங்கையோடு திரும்புவீர்கள். பெரும்பாலான விண்மீன்களுக்கு ஒரு நாள் எடுத்த ஒரு படமே இருக்கும். நேற்று இரவு வெடித்தது அதில் இருக்காது. மறைமுகச் செலவாகப் பைத்தான் மொழியைக் கற்கும் சில வாரங்களையும், கோப்பு வடிவங்களோடு மல்லுக்கட்டும் மாலைகளையும் சொல்லலாம். இன்னொன்றைச் செலவு என்பதா, சுபாவம் என்பதா தெரியவில்லை: குளிரில் நின்று தானே பிடித்த ஒளி என்ற குறுகுறுப்பு இதில் வராது. சிலருக்கு அது இல்லாமல் ஆறு மாதத்தில் ஆர்வம் வற்றிவிடுகிறது.

## நான்கையும் அருகருகே

| | கீற்றணித் தாள் | திருகும் கீற்றணி | பிளவுப் பதிவி | காப்பகம் |
|---|---|---|---|---|
| தெரியும் வேகம் (நொடிக்கு) | கேள்வியே வேண்டாம். வரிகளின் அடையாளம் மட்டும் | 2,000–3,000 கி.மீ. | 500 முதல் 30 கி.மீ. வரை | தொகுப்பைப் பொறுத்து. எலோடியில் மீட்டர் கணக்கு |
| பொருள்கள் | பிரகாசமான சில பத்து விண்மீன்கள் | நோவா, சூப்பர்நோவா, குவாசர் | பி-இ விண்மீன், இரட்டை விண்மீன், நோவா | கோடிக்கணக்கில். ஆனால் மங்கலானவையே அதிகம் |
| தாங்கி | முக்காலி | தொடர் தாங்கி நல்லது | உறுதியான, வழிகாட்டலோடு கூடிய தாங்கி | வேண்டாம் |
| நகர விளக்கொளி | கெடுக்கும் | கெடுக்கும் | சமாளிக்கும் | பாதிப்பில்லை |
| முகத்தில் தெரியாத செலவு | கேமராவின் உள் வடிகட்டி | கருப்பு வெள்ளைக் கேமரா | இரண்டாவது கேமரா, விளக்கு, தாங்கி, இரவுகள் | பைத்தான் |
| முதல் நல்ல முடிவு | அதே இரவில் | ஒரு வாரத்தில் | சில மாதங்களில் | ஒரு மாலையில் |

## யாருக்கு எது

பள்ளி ஆசிரியர், வானியல் மன்றம் நடத்துபவர் என்றால் முதல் வழி. மாணவர்கள் தாங்களே செய்த கருவி என்ற சந்தோஷம் போதும். மேலே நகரும் ஆசை அங்கிருந்தே முளைக்கும்.

தொலைநோக்கி ஏற்கெனவே இருக்கிறது, புதிதாக வெடித்ததைத் துரத்தும் ஆசை இருக்கிறது, வருடத்துக்கு நாற்பது ஐம்பது தெளிந்த இரவுகள் கிடைக்கும் என்றால் தயங்காமல் திருகும் கீற்றணி. என்னிடம் கேட்பவர்களில் பத்துக்கு ஏழு பேர் இந்த வகைதான். 200 கோடு கீற்றணியும் கிடைக்கிறது. கேமராவுக்கும் வடிகட்டிச் சட்டத்துக்கும் இடையே இடம் குறைவாக இருந்தால் மட்டும் அதைப் பாருங்கள். இல்லையென்றால் 100 போதும்.

இயற்பியல் அல்லது கணினி படிக்கும் மாணவர், விடுதி அறை, பால்கனியும் இல்லை என்றால் காப்பகம். முதுகலையில் ஆய்வுத் திட்டம் செய்யும் எண்ணமிருந்தால் இதுவே முதல் தெரிவு. ஜவ்வாது மலையில் காவலூரில் இருக்கும் வைணு பாப்பு வானாய்வகத்தின் 2.34 மீட்டர் தொலைநோக்கியிலும் நிறமாலைப் பதிவிதான் முக்கியமான கருவிகளில் ஒன்று. அங்கே எடுத்த தரவு கைக்கு வரும் நாளில், அதைத் திறந்து சுத்தம் செய்யத் தெரிந்திருப்பது கருவி தெரிந்திருப்பதைவிடப் பயன்படும்.

பிளவுப் பதிவி யாருக்கு? இதற்கு நான் வைத்திருக்கும் சோதனை ஒன்றே ஒன்று: அடுத்த மூன்று வருடமும் மாதம் இருமுறை நீங்கள் திரும்பிப் போகப்போகும் ஒரு விண்மீனின் பெயரைச் சொல்லுங்கள். பெயர் வராவிட்டால் இப்போதைக்கு வாங்காதீர்கள். நானே கீற்றணியோடு ஐந்து வருடம் கழித்த பிறகுதான் என் பெயரைச் சொன்னேன். அனுஷத்தின் நடு விண்மீனான டெல்டா ஸ்கார்ப்பியை. 2000-இல் திடீரென்று பிரகாசமாகி, பி-இ வகையாகத் தன்னைக் காட்டிக்கொண்டது. அதன் துணை விண்மீன் நீள்வட்டப் பாதையில் 10.8 வருடத்துக்கு ஒருமுறை அதை உரசுவதுபோல் நெருங்கிப் போகும். 2011 ஜூலையில் ஒருமுறை, 2022-இல் ஒருமுறை. அடுத்தது 2033 வாக்கில். அந்த நெருக்கத்தில் வாயுத் தட்டு என்ன ஆகிறது என்று பார்க்க வேண்டுமானால், அதற்கு முந்தைய வருடங்களில் தட்டு எப்படி இருந்தது என்ற பதிவு கையில் இருக்க வேண்டும். என் ஸ்டார்எக்ஸின் பாகங்கள் மேசையில் கிடக்கின்றன. பிஇடிஜி இழைதான்.